நடைச்சீட்டு (மணல் கொண்டுசெல்வதற்கான அனுமதிச் சீட்டு) இல்லாமல் மணல் ஏற்றியதாகப் பிடித்த லாரியை எப்படி மீட்பது?

வழக்கு முடியும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. வண்டி 1957ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21(4) பிரிவில் பிடிபட்டிருக்கும். முதல் தகவல் அறிக்கை நகல், ஆர்.சி. புத்தகம், இன்சூரன்ஸ் இவற்றோடு, வழக்கு நடக்கும் நீதிமன்றத்தில் இடைக்காலப் பொறுப்பு (வழக்கு முடியும்வரை வண்டியை உங்களிடம் ஒப்படைப்பது) கேட்டு மனு போடுங்கள். இந்த மனுவுக்கான பிரிவு, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 451; அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் இப்போது 497. வாகனங்களைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டுவைக்கக் கூடாதென்று 2002இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பேட்டரி இறங்கி, டயர் வெடித்து, தொட்டி துருவேறி நிற்கும் லாரிகளைப் பார்த்தாலே வயிறு எரியும். அதனால் தாமதிக்காதீர்கள்.

விடுவித்தாலும் பிணைப்பத்திரம் கேட்பார்கள். விற்கவோ உருமாற்றவோ கூடாதென்று நிபந்தனையும் வரும். அப்புறம், அதே கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவில் தொகை கட்டி இணக்கமாக முடிக்கவும் வழி உண்டு. ஆனால் குற்றம் உறுதியானால் 21(4ஏ)படி வண்டியே பறிமுதலாகலாம். சீட்டு உண்மையில் இருந்தால், அதன் தேதியையும் நேரத்தையும் முதலிலேயே காட்டுங்கள்.