ஸ்லிங்கில் அன்னாசி எப்போது புகுந்தது?

கேள்வி: சிங்கப்பூர் போய் வந்த என் அண்ணன், ராஃபிள்ஸ் ஹோட்டலில் குடித்த ‘சிங்கப்பூர் ஸ்லிங்’ காக்டெய்ல் 1915-லிருந்து மாறாத ஒரிஜினல் என்று அடித்துச் சொல்கிறார். உண்மையா? (வாசகர், திருச்சி)

பதில்: ராஃபிள்ஸில் குடித்தாரா, சரி. ‘மாறாத’ என்பதை மட்டும் நம்பாதீர்கள். அந்த ஊர் ஹோட்டல் பார்களில் காலம் தள்ளியவன் சொல்கிறேன்.

ஹோட்டல் சொல்லும் கதை இது: ஞியாம் தோங் பூன் என்ற ஹைனான் தீவுச் சீனர் அங்கே பாரில் வேலை பார்த்தார். பொது இடத்தில் பெண்கள் மது குடித்தால் முகம் சுளிக்கும் காலம். பழச்சாறு போல ரோஸ் நிறத்தில் ஒன்றைக் கலந்து கொடுத்தார், யாருக்கும் சந்தேகம் வரவில்லை. நல்ல கதைதான். ஆனால் ஜின்னில் சர்க்கரையும் தண்ணீரும் சேர்த்த ஸ்லிங் அதற்கு வெகுகாலம் முன்பிருந்தே உண்டு.

இன்று உலகெங்கும் பார்மேன்கள் பின்பற்றும் அளவைப் பாருங்கள். ஜின் 30 மில்லி, செர்ரி லிக்கர் (இனிப்பு மது) 15, குவாந்த்ரோ (ஆரஞ்சு லிக்கர்), பெனடிக்டின் (மூலிகை லிக்கர்) தலா 7.5, எலுமிச்சைச் சாறு 15, கிரனடின் (மாதுளைச் சிரப்) 10, கொஞ்சம் அங்கோஸ்துரா பிட்டர்ஸ் (துளித் துளியாக விடும் கசப்புச் சாரம்). அன்னாசிச் சாறு எவ்வளவு தெரியுமா? 120! ஜின்னைப் போல நாலு மடங்கு.

1922-ல் லண்டனில் பார்மேன் ராபர்ட் வெர்மெயர் வெளியிட்ட காக்டெய்ல் புத்தகத்தில், இதன் முன்னோடி என்று பலர் சொல்லும் ‘ஸ்ட்ரெய்ட்ஸ் ஸ்லிங்’ இருக்கிறது. சிங்கப்பூரின் பேர்போன பானம் என்கிறார். ஜின், பெனடிக்டின், டிரை செர்ரி பிராந்தி, அரை எலுமிச்சம்பழத்தின் சாறு, இரண்டு வகை பிட்டர்ஸ், மேலே சோடா. அன்னாசியும் கிடையாது, கிரனடினும் கிடையாது. எனக்குப் பிடித்தது இதுதான். ஜின் ருசி நாக்கில் தெரியும்.

இதில் இன்னொரு வம்பு: அந்த ‘டிரை செர்ரி பிராந்தி’ எது? இனிப்பான சிவப்பு லிக்கர் என்று ஒரு கட்சி. செர்ரியை நொதிக்கவைத்து வடிக்கிற கிர்ஷ் என்று இன்னொரு கட்சி. கிர்ஷ் தண்ணீர் மாதிரி நிறமே இல்லாதது. அதுதான் என்றால் ரோஸ் நிறக் கதை என்னாவது? அண்ணனிடம் கேட்டுப் பாருங்கள்.

கேள்வி: அங்கே வேர்க்கடலைத் தோலைத் தரையிலேயே போடலாமாமே? (வாசகி, ஈப்போ)

பதில்: ராஃபிள்ஸ் ஹோட்டலின் லாங் பாரில் போடலாம். வாசலைத் தாண்டி வந்து போட்டால் அபராதம்.

கேள்வி: மது இல்லாமல் வீட்டில் செய்ய வழி உண்டா? (வாசகி, மதுரை)

பதில்: தாராளமாக. இதற்கு மட்டும் நானும் அன்னாசிக் கட்சி. புதிதாகப் பிழிந்த அன்னாசிச் சாறு 120 மில்லி, எலுமிச்சைச் சாறு 15, மாதுளைச் சிரப் 10. ஐஸ் போட்டு நுரை வரும்வரை குலுக்குங்கள், அப்புறம் சோடா. சில துளிதானே என்று அங்கோஸ்துராவைச் சேர்த்துவிடாதீர்கள், அதில் 44.7 சதவீதம் ஆல்கஹால்.