மகள் நடித்துச் சம்பாதிக்கும் பணம் யார் கணக்கில்?

கேள்வி: என் மகளுக்கு 8 வயது. ஒரு சீரியலிலும் இரண்டு படங்களிலும் நடித்திருக்கிறாள். சம்பளம் என் கணவர் கணக்குக்கு வருகிறது. அதை வீட்டுக் கடனுக்குக் கட்டிவிட்டு, பிற்பாடு அவளுக்குச் செய்துகொள்ளலாம் என்கிறார். சரியா?
- ஒரு வாசகி, சென்னை

பதில்: அந்தப் 'பிற்பாடு'தான் இடிக்கிறது. இந்தத் துறையில் முன்பல் இரண்டு விழுந்தாலே கன்டினியூட்டி (காட்சிக்குக் காட்சி தோற்றம் மாறாமல் இருப்பது) போச்சு என்று கையைப் பிசைவார்கள். மளமளவென வளர்ந்துவிட்டால் அடுத்த வாய்ப்பு எப்போதென்று யாருக்கும் தெரியாது. அவள் இப்போது சம்பாதிப்பது அவளுக்கே இருக்கட்டும்.

சட்டமும் பாதி வழி வந்து நிற்கிறது. குழந்தைத் தொழிலாளர் விதிகளில் 2017-இல் செய்த திருத்தத்தின்படி, நடிக்கும் குழந்தையின் வருமானத்தில் குறைந்தது 20 சதவீதம் தேசியமயமாக்கப்பட்ட வங்கியில் அவள் பெயரில் நேரடியாக ஃபிக்ஸட் டெபாசிட் ஆக வேண்டும். 18 வயதானதும் அது அவளுக்கு. புரொடக்‌ஷன் மேனேஜரிடம் ரசீதைக் கேட்டு வாங்குங்கள், சங்கடப்பட ஒன்றுமில்லை.

அடுத்தது வரி விஷயம். மைனரின் வருமானம் பொதுவாகப் பெற்றோர் வருமானத்தோடு சேரும். ஆனால் திறமையால் ஈட்டியது சேராது. நடிப்புச் சம்பளம் அந்த வகை. உங்கள் கணவரின் பான் எண்ணில் டிடிஎஸ் (சம்பளம் தரும்போதே பிடிக்கும் வரி) பிடித்தால், அவர் 30 சதவீத வரி வரம்பில் இருக்கும்பட்சத்தில், தேவையில்லாமல் அந்த விகிதத்தில் வரி போகும். மகளுக்கே பான் எடுத்து, அவள் பெயரில் கணக்குத் தொடங்கி, காப்பாளராக நீங்கள் ரிட்டர்ன் தாக்கல் செய்யுங்கள். புதிய வரி முறையில் 12 லட்சம் ரூபாய் வரை வரியில்லை. பிடித்த டிடிஎஸ் ரீஃபண்டாக வந்துவிடும்.

ஒரு சிக்கல்: சம்பளம் அவளுடையது என்றாலும், அதை டெபாசிட்டில் போட்டு வரும் வட்டி உங்கள் இருவரில் யாருக்கு வருமானம் அதிகமோ அவருடைய வரிக் கணக்கில்தான் சேரும். அதனால் முதலில் செல்வமகள் சேமிப்பு. 10 வயதுக்குள் தொடங்க வேண்டும், ஆண்டுக்கு ஒன்றரை லட்சம் வரை கட்டலாம், வட்டிக்கு வரி கிடையாது. அதற்கு மேல் மிஞ்சினால் அவள் பெயரில் குரோத் வகை (லாபத்தை இடையில் தராமல் ஃபண்டிலேயே வளரவிடும்) மியூச்சுவல் ஃபண்ட். ஏற்ற இறக்கம் உண்டு, ஆனால் பத்து வருஷம் இருக்கிறதே. 18 முடிந்து விற்றால் லாபம் அவள் வரிக் கணக்கில்தான் வரும்.

ஷூட்டிங்குக்குப் போய்வரும் செலவு, விட்ட பாடத்துக்கு டியூஷன் ஃபீஸ் இதெல்லாம் அவள் சம்பளத்திலிருந்து எடுங்கள், தப்பே இல்லை. வீட்டுக் கடன் இஎம்ஐ மட்டும் உங்கள் கணவர் சம்பளத்திலேயே போகட்டும்.