இரவு பத்து மணிக்குப் பிள்ளைகள் எங்கே?

வணக்கம் ஐயா,

ஈரோட்டிலிருந்து எழுதுகிறேன். என் மகள் பத்தாம் வகுப்புப் படிக்கிறாள். சென்ற ஆண்டு வரை பள்ளி எறிபந்து அணியில் இருந்தாள். பொதுத்தேர்வு ஆண்டு என்பதால் நிறுத்திவிட்டோம். பள்ளி விட்டதும் டியூஷன். வீடு வந்து சேர ஒன்பது மணி ஆகிவிடும். கிடைக்கிற நேரத்தில் கொரியத் தொடர்கள் பார்க்கிறாள். "அங்கே என் வயதுப் பிள்ளைகள் எவ்வளவு சந்தோஷமாக இருக்கிறார்கள், என்னை மட்டும் பூட்டி வைத்திருக்கிறீர்கள்" என்று சண்டை போடுகிறாள். என் அண்ணனோ, வெள்ளைக்கார நாடுகளில் பிள்ளைகளைத் தண்ணீர் தெளித்து விட்டுவிடுகிறார்கள், அதனால்தான் குடி, போதை என்று சீரழிகிறார்கள் என்கிறார். யார் சொல்வதை நம்புவது? பிற நாடுகளில் இந்த வயதுப் பிள்ளைகளை எப்படி வளர்க்கிறார்கள்?

ஒரு தாய்

அன்புள்ள சகோதரிக்கு,

மகள் சொல்வதையும் ஏற்க முடியவில்லை, அண்ணன் சொல்வதையும் ஏற்க முடியவில்லை. முதலில் மகளுக்குப் பதில் சொல்கிறேன்.

தொடரில் வரும் பெண் ஹான் ஆற்றங்கரையில் சைக்கிள் ஓட்டுகிறாள். நிஜத்தில் சியோல் நகரத்துப் பெண்ணின் மாலைப்பொழுது பெரும்பாலும் ஹாக்வோனில் கழிகிறது. ஹாக்வோன் என்பது நம் டியூஷன் சென்டர்தான். இன்னும் பெரியது, இன்னும் செலவு பிடிப்பது. பள்ளிக்கும் அதற்கும் நடுவே கிடைக்கும் சிறு இடைவேளையில் தெருமுனைக் கடைக்குள் நுழைந்து, கப் நூடுல்ஸில் வெந்நீர் ஊற்றி, கடற்பாசித்தாள் சுற்றிய முக்கோணச் சோற்றுக் கட்டியோடு அவசரமாகச் சாப்பிட்டுவிட்டு ஓடும் பிள்ளைகளை அங்கே தினமும் பார்க்கலாம். இரவு பத்து மணிக்கு மேல் ஹாக்வோன் நடத்தக் கூடாது என்று சியோலில் விதியே போட வேண்டியிருந்தது. அதை எதிர்த்து நீதிமன்றம் போனார்கள். 2009இல் அரசியலமைப்பு நீதிமன்றம் அந்த விதி செல்லும் என்றது. ஹாக்வோன்கள் நெருக்கியடித்து நிற்கும் தேச்சிதோங் பகுதியில் பத்து மணி அடித்ததும் பெற்றோரின் கார்கள் சாலையை அடைத்துக்கொள்கின்றன. வீட்டுக்குப் போகாமல், தனித்தனித் தடுப்புகள் வைத்த வாசிப்பறைகளுக்குப் போய்ப் படிப்பைத் தொடர்கிற பிள்ளைகளும் உண்டு.

இத்தனையும் நவம்பர் மாதத்து வியாழக்கிழமை ஒன்றில் நடக்கும் சுனுங் என்ற கல்லூரி நுழைவுத் தேர்வுக்காக. அன்று பங்குச்சந்தை ஒரு மணி நேரம் தாமதமாகத் திறக்கிறது. நேரமாகிவிட்ட மாணவர்களைப் போலீஸ்காரர்கள் மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போய் விடுகிறார்கள். ஆங்கிலத் தேர்வில் ஒலிப்பதிவைக் கேட்டு விடை எழுதும் 35 நிமிடம் நாடு முழுவதும் விமானங்கள் ஏறுவதும் இல்லை, இறங்குவதும் இல்லை. வெற்றி ஒட்டிக்கொள்ள வேண்டும் என்று பிசுபிசுப்பான மிட்டாய் கொடுப்பார்கள். வழுக்கிவிடும் என்று கடற்பாசி சூப்பைத் தொடமாட்டார்கள். சியோலின் ஜோக்யேசா புத்தர் கோயிலில் தாய்மார்கள் நூறு நாள் பிரார்த்தனை இருக்கிறார்கள். அந்தத் தாய்மார்களை உங்களுக்கு நன்றாகவே புரியும். அதே நாட்டில்தான் பதின்வயதினரின் மரணக் காரணங்களில் தற்கொலை முதலிடத்தில் இருக்கிறது. தேர்வு ஒன்றுதான் காரணம் என்று சொல்லிவிட முடியாது. ஆனால் அந்தத் தேர்வைக் குறிப்பிடாமல் அங்கே இதைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

ஆகவே உங்கள் மகள் திரையில் பார்ப்பது கொரியப் பிள்ளைகளும் ஏங்கிப் பார்க்கிற ஒரு வாழ்க்கை. சண்டை போடாமல் இதை அவளிடம் சொல்லலாம், நம்புவாள்.

இனி அண்ணனுக்கு. அவர் சொல்கிற சீரழிவு ஐஸ்லாந்தில் ஒரு காலத்தில் இருந்தது. 1990களில் தலைநகர் ரெய்க்யவிக்கின் நடுத்தெருக்களில் வெள்ளிக்கிழமை இரவானால் குடித்துவிட்டுத் திரியும் பிள்ளைகளின் கூட்டம். 1998இல் 15, 16 வயதினரில் 42 விழுக்காட்டினர் அதற்கு முந்தைய மாதத்தில் போதை ஏறும் அளவுக்குக் குடித்திருந்தார்கள். 2016இல் அது 5 விழுக்காடு. வெள்ளைக்கார நாடுதான் இதுவும்.

எப்படிக் குறைந்தது? பிள்ளைகளிடமே திரும்பத் திரும்பக் கேட்டு, குடிக்காத பிள்ளைகளின் வாழ்க்கையில் என்ன இருக்கிறது என்று பார்த்தார்கள். வாரத்தில் மூன்று நான்கு நாள் முறையான பயிற்சியோடு விளையாட்டு; வார நாட்களில் பெற்றோரோடு கழிக்கும் நேரம்; பள்ளியில் தன் மேல் அக்கறை கொண்டவர்கள் இருக்கிறார்கள் என்ற உணர்வு; பின்னிரவில் வெளியே சுற்றாமல் இருப்பது. இந்த நான்கும் திரும்பத் திரும்ப வந்தன. பிறகு பணத்தை அங்கே போட்டார்கள். பனிக்காலத்திலும் ஆடும்படி கூரை போட்ட கால்பந்து மைதானங்கள், பயிற்சி பெற்ற பயிற்சியாளர்கள். விளையாட்டு, இசை, நடனம் என்று எதில் சேர்ந்தாலும் கட்டணத்துக்கு உதவியாக ஒவ்வொரு பிள்ளைக்கும் ஆண்டுக்கு ஒரு தொகையை ரெய்க்யவிக் நகராட்சி தருகிறது. (2016 ஐரோப்பியக் கோப்பையில் இங்கிலாந்தை வீழ்த்திய ஐஸ்லாந்து அணியில் அந்த மைதானங்களில் வளர்ந்தவர்கள் இருந்தார்கள்.) கோடை விடுமுறையில் பிள்ளைகளுக்கு நகராட்சியே பூங்காக்களில் களை எடுக்க, செடி நட வேலை கொடுத்துச் சம்பளமும் தருகிறது.

அங்கேயும் ஒரு பத்து மணி உண்டு. குளிர்காலத்தில் 13 முதல் 16 வயது வரையுள்ளவர்கள் இரவு பத்துக்கு மேல் பெரியவர் துணையின்றி வெளியே நிற்கக் கூடாது என்பது சட்டம். கோடையில் நள்ளிரவு வரை போகலாம். நேரத்தை அச்சிட்ட காந்த வில்லைகள் குளிர்பதனப் பெட்டிகளில் ஒட்டியிருக்கும். வார இறுதி இரவுகளில் பெற்றோர்கள் குழுவாகத் தெருவில் நடந்து பார்த்து வருவார்கள். தண்ணீர் தெளித்து விட்டவர்கள் செய்கிற காரியமா இது?

இரண்டு நாட்டுப் பெரியவர்களும் பிள்ளைகள் மீது உயிரை வைத்திருப்பவர்கள்தான். இருவருமே இரவு பத்து மணியில் ஒரு கோடு போட்டிருக்கிறார்கள். அதற்கு முந்தைய ஐந்து மணி நேரத்தைச் சியோல் ஒரு வியாழக்கிழமைக்குக் கொடுத்துவிட்டது. ரெய்க்யவிக் பிள்ளைகளுக்கே கொடுத்தது. உங்கள் வீட்டில் அந்த ஐந்து மணி நேரத்தில் பெரும்பகுதி இப்போது டியூஷனிடம் இருக்கிறது. எனக்கு வருத்தம் தருவது அதுதான். அவள் பார்க்கும் தொடரைப் பற்றி எனக்குக் கவலையே இல்லை.

நம் ஊரில் மதிப்பெண் எவ்வளவு பெரிய விஷயம் என்பது எனக்குத் தெரியும். டியூஷனை அடியோடு நிறுத்தச் சொல்லவில்லை. எந்தப் பாடத்தில் அவளுக்கு உதவி தேவை என்று அவளிடமே கேளுங்கள், மற்றவற்றை விட்டுவிடலாம். வாரத்தில் மூன்று மாலை எறிபந்துக்குப் போகட்டும். மற்ற மாலைகளில் ஒன்றிரண்டு தொடர்களை நீங்களும் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள், கதை கேளுங்கள். குறுவட்டப் போட்டிக்கு அணியை முடிவு செய்வதற்குள் உடற்கல்வி ஆசிரியரை ஒருமுறை போய்ப் பார்த்துவிடுங்கள். பத்தாம் வகுப்புப் பெண்ணைத் தாயே திரும்ப அழைத்து வந்தால் அவர் மறுக்கமாட்டார்.

அன்புடன்.