சிஷெவ்ஸ்கா பற்றி நீங்கள் கேட்டவை

போலிஷ் நடிகை எல்ஷ்பியெட்டா சிஷெவ்ஸ்கா பற்றி நான் எழுதிய சிறு குறிப்புக்கு இத்தனை கடிதம் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்தால் ஒன்றாகச் சேர்த்துவிட்டேன். குறிப்பைப் படிக்காமலே கேட்டவர்களும் சிலர் இருக்கிறார்கள். அவர்களுக்கும் பதில் உண்டு, ஆனால் சுருக்கமாக.

ஹாலிவுட் போன போலா நெக்ரிதானே இவர்? (திண்டுக்கல் வாசகர்)

இல்லை. போலா நெக்ரி 1897-இல் பிறந்தவர். மௌனப்பட நட்சத்திரம், பெர்லின் வழியாக 1922 வாக்கில் ஹாலிவுட் போனவர். சிஷெவ்ஸ்கா 1938-இல் வார்சாவில் பிறந்தவர். நடுவே நாற்பது வருடம் கிடக்கிறது. இரண்டு பேரும் போலிஷ்காரர்கள், அவ்வளவுதான்.

ரோமன் போலன்ஸ்கியின் முதல் மனைவி என்று எங்கோ படித்தேன். சரியா? (சேலம்)

தப்பு. போலன்ஸ்கியின் முதல் மனைவி பார்பரா க்வியாட்கோவ்ஸ்கா. சிஷெவ்ஸ்காவின் முதல் கணவர் யெர்சி ஸ்கோலிமோவ்ஸ்கி. போலன்ஸ்கியின் முதல் முழுநீளப் படத்துக்குத் திரைக்கதை எழுதியவர்களில் ஸ்கோலிமோவ்ஸ்கியும் ஒருவர் என்பதால் குழம்பியிருக்கிறீர்கள் போலிருக்கிறது. எங்கோ படித்ததை எங்கே படித்தோம் என்று குறித்து வைத்துக்கொள்ளுங்கள். இதை எத்தனை தடவைதான் சொல்வது!

எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்? (கோவை, நாகர்கோவில், யாழ்ப்பாணம்)

நகைச்சுவைப் படங்களிலிருந்து. ததேயுஷ் ஹ்மியெலெவ்ஸ்கியின் 'ஜெனரல் எங்கே?' படத்தில் சிஷெவ்ஸ்கா சோவியத் படைவீராங்கனை மருஸ்யா. வேலைக்குக் கள்ளமடிக்கும் ஒரு போலிஷ் சிப்பாயோடு மாட்டிக்கொண்டு ஒரு ஜெர்மன் ஜெனரலைப் பிடிக்கிறார். முகத்தில் ஒரு கண்டிப்பு, கண்ணில் ஒரு குறும்பு, இரண்டும் ஒரே நேரத்தில். அடுத்து 'ஜுசெப்பே வார்சாவில்' (1964). ஊருக்குத் திரும்பும் வழியில் துப்பாக்கியைப் பறிகொடுத்த இத்தாலியச் சிப்பாய், அவரை வீட்டில் வைத்துச் சமாளிக்க வேண்டிய அண்ணன்-தங்கை. அண்ணனாக ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கி. போரைப் பற்றி இப்படியும் சிரிக்க முடியுமா என்று தோன்றும்.

இவற்றில் சிரித்து முடித்த பிறகு யானுஷ் நாஸ்ஃபெட்டரின் 'நேசிக்கப்படாதவள்' (1966). போருக்கு முந்தைய வார்சாவில் ஓர் யூதப் பெண், ஓவியம் படிக்கும் ஓர் இளைஞன் மீது வெறிபிடித்த மாதிரி ஒரு காதல். மருஸ்யாவாக நடித்தவரா இவர் என்று கேட்பீர்கள். என்னைக் கேட்டால் இவருடைய ஆகச் சிறந்த வேடம் இதுதான்.

வோய்செக் ஹாஸின் 'சரகோசா கையெழுத்துப் பிரதி' (1965) மூன்று மணி நேரப் படம். கதைக்குள் கதை, அதற்குள் இன்னொரு கதை. வெளிநாடுகளில் வெட்டிச் சுருக்கிய பிரதிகள் உலவின. இசைக்கலைஞர் ஜெர்ரி கார்சியா பணம் கொடுத்துத் தொடங்கிவைத்த மீட்பு வேலையை, அவர் இறந்த பிறகு அமெரிக்க இயக்குநர்கள் ஸ்கார்செசியும் கொப்போலாவும் முடித்துவைத்தார்கள். ஓடும் நேரம் மூன்று மணிக்குக் கிட்டத்தட்ட இருக்கிறதா என்று பார்த்துவிட்டு உட்காருங்கள். வெட்டிய பிரதியைப் பார்த்துவிட்டுக் கதை புரியவில்லை என்று எனக்கு எழுதாதீர்கள்.

உச்சத்தில் இருந்தபோது ஒரு அமெரிக்கரைக் காதலித்து, புகழை உதறிவிட்டுப் போனது முட்டாள்தனம் இல்லையா? (ஒன்பது பேர்)

இந்த 'உதறிவிட்டு' என்ற சொல்தான் எனக்கு ஆகாது. எந்த நடிகை நாட்டை விட்டுப் போனாலும் அதைக் காதல் கதையாக்கிவிடுகிறார்கள். இயக்குநர் ஒருவர் வெளியேறினால் மட்டும் அது அரசியல்!

நடந்ததைப் பார்ப்போம். டேவிட் ஹால்பர்ஸ்டாம் நியூயார்க் டைம்ஸ் நிருபர். வியட்நாம் பற்றி எழுதியதற்காக 1964-இல் புலிட்சர் பரிசு வாங்கிவிட்டு வார்சாவுக்கு வந்தவர். ஆர்தர் மில்லர் நாடகம் ஒன்றில் சிஷெவ்ஸ்கா நடித்துக்கொண்டிருந்த சமயம் பழக்கமாகி, 1965-இல் கல்யாணம் செய்துகொண்டார்கள். அதே வருடக் கடைசியில், போலந்துக் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் கோமுல்காவின் அரசைக் குறைசொல்லி எழுதியதற்காக ஹால்பர்ஸ்டாமை நாட்டை விட்டு வெளியேற்றினார்கள். இப்போது அந்த மனைவியின் நிலையை யோசியுங்கள். கணவர் அமெரிக்கர், அதிலும் யூதர், அதற்கும் மேலே அரசு விரட்டிய பத்திரிகைக்காரர்.

போலந்தில் அன்று படத்தயாரிப்பு முழுக்க அரசின் கையில். தயாரிப்புக் குழுக்கள் அரசுடையவை, தணிக்கை அரசுடையது, விநியோகமும் அரசுடையது. ஒரு தயாரிப்பாளர் கைவிட்டால் இன்னொருவரிடம் போகலாம் என்ற பேச்சே கிடையாது. பாஸ்போர்ட்கூட வீட்டு அலமாரியில் இருக்காது. ஒவ்வொரு பயணத்துக்கும் விண்ணப்பித்து வாங்கி, திரும்பி வந்ததும் ஒப்படைக்க வேண்டும். அங்கே 'நட்சத்திரம்' என்றால் நம் ஊர் நட்சத்திரத்தை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். பத்திரிகை அட்டையில் முகம் வரும், தெருவில் ஆள் திரும்பிப் பார்ப்பார்கள், சம்பளம் மட்டும் அரசு வகுத்த தரவரிசைப்படி. உதறுவதற்குப் பெட்டி நிறையப் பணம் எதுவும் இருக்கவில்லை. இருந்தது தொழில், மொழி, ரசிகர்கள்.

அப்புறம் 1968. மார்ச் மாதம் மாணவர் போராட்டம், அதைச் சாக்காக வைத்துக் கட்சியே நடத்திய யூத எதிர்ப்புப் பிரச்சாரம். அடுத்த இரண்டு மூன்று வருடத்தில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் வெளியேற வேண்டியதாயிற்று. அந்தச் சூழலில்தான் சிஷெவ்ஸ்கா இயக்குநர் ஆந்த்ரே வாய்தாவின் 'எல்லாம் விற்பனைக்கு' படத்தில் நடித்துவிட்டு நியூயார்க் வாழ்க்கைக்குத் திரும்பினார். அதன் பிறகு பத்து வருடத்துக்கும் மேல் அவருக்குப் போலிஷ் படம் இல்லை. 1981-இல் இயக்குநர் பார்பரா சாஸ் கூப்பிட்ட பிறகுதான் மறுபடி வந்து நடித்தார். உதறியவர் கூப்பிட்டதும் ஓடி வருவாரா? கதவைச் சாத்தியவர்களை விட்டுவிட்டு வெளியே நிற்பவரைப் பார்த்து 'ஏன் போனாய்' என்று கேட்கிறோம்.

காதல் இல்லை என்று சொல்லவில்லை. இருந்தது. 1977-இல் விவாகரத்தும் ஆனது. அதற்குப் பிறகும் முப்பது வருடத்துக்கு மேல் நியூயார்க்கிலேயே இருந்தார் என்பதையும் கணக்கில் எடுத்துக்கொள்ளுங்கள்.

வாய்தாவின் 'எல்லாம் விற்பனைக்கு' சிபுல்ஸ்கி பற்றிய ஆவணப்படமா? (மதுரை)

ஆவணப்படம் இல்லை, கதைப்படம். சிபுல்ஸ்கி 1967 ஜனவரியில் வ்ரோத்ஸ்வாவ் ரயில் நிலையத்தில் ஓடும் ரயிலில் ஏறப்போய்க் கீழே விழுந்து இறந்தார். அந்தச் சாவிலிருந்து பிறந்த படம். கதையில் படப்பிடிப்புக்கு வராத நடிகனைத் தேடுகிறார்கள். அவன் மனைவி எலாவாக சிஷெவ்ஸ்கா. நடிகர்கள் பலர் தங்கள் சொந்தப் பெயரிலேயே வருவதால், திரையில் நடப்பதெல்லாம் நிஜம் என்று நம்பிவிடுவார்கள். கதாபாத்திரத்தை ஆளாக எடுத்துக்கொள்ளாதீர்கள். இந்த எச்சரிக்கையை இன்னும் ஒரு கேள்வி தள்ளி மறுபடியும் சொல்லப்போகிறேன்.

அமெரிக்காவில் சும்மா இருந்தாரா? (சென்னை)

யார் சொன்னது? 1974-இல் யேல் பல்கலைக்கழகத்தின் யேல் ரெபர்டரி தியேட்டரில் வாய்தா இயக்கிய தஸ்தயெவ்ஸ்கி நாடகத்தில் நடித்தார். அன்று அங்கே நாடக மாணவியாக இருந்த மெரில் ஸ்ட்ரீப்பும் அந்தக் குழுவில் உண்டு. 1990-இல் 'க்ரோபார்' நாடகத்துக்காக ஓபி விருது (நியூயார்க்கில் பிராட்வேக்கு வெளியே நடக்கும் நாடகங்களுக்கான விருது). கோஸ்டா-காவ்ரஸின் 'மியூசிக் பாக்ஸ்' உட்படச் சில படங்களில் சிறு வேடங்கள். சிறு வேடம்தான், மறுக்கவில்லை. போலிஷ் நகைச்சுவையில் அவருடைய பலமே பேச்சு வேகமும் ஏற்ற இறக்கமும். முப்பது வயதில் வேறு மொழிக்கு மாறினால் முதலில் அடிவாங்குவது அதுதான். அவருடைய ஆங்கிலத்தில் உச்சரிப்பு தெரிந்தது. ஹாலிவுட்டுக்கு அப்படிப்பட்டவர் தேவைப்பட்டதெல்லாம் கிழக்கு ஐரோப்பியப் பாட்டியாகவோ சாட்சியாகவோ இரண்டு காட்சிக்கு.

1987-இல் வந்த 'அன்னா' இவருடைய வாழ்க்கை வரலாறா? (திருச்சி, பெங்களூரு)

வாழ்க்கை வரலாறு இல்லை. யூரெக் போகாயெவிச் இயக்கம், ஆக்னியெஷ்கா ஹாலண்ட் திரைக்கதை. நியூயார்க்கில் வாய்ப்புக்கு அலையும் முன்னாள் நட்சத்திரம், அவர் வீட்டில் வந்து ஒட்டிக்கொண்டு பிறகு அவரையே தாண்டிப் போகும் இளம்பெண். போலந்திலிருந்து வந்த யோவான்னா பாசூலாவுக்கு சிஷெவ்ஸ்கா ஆரம்பத்தில் இடம் கொடுத்தது பலருக்கும் தெரியும் என்பதால் ஊரே முடிச்சுப் போட்டுவிட்டது. முடிச்சில் உண்மை இல்லாமல் இல்லை. ஆனால் படத்தின் அன்னா செக் நாட்டுக்காரி, அவளுக்கு எழுதிய கடந்தகாலம் வேறு. கதாபாத்திரத்தை ஆளாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

எனக்கு உறுத்துவது இன்னொன்று. அன்னாவாக நடித்தவர் அமெரிக்க நடிகை சாலி கிர்க்லண்ட். கோல்டன் குளோப் வாங்கினார், ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. நன்றாகத்தான் நடித்தார். வேடம் கிடைக்காத ஒரு நடிகையைப் பற்றிய அந்த வேடமும் சிஷெவ்ஸ்காவுக்குக் கிடைக்கவில்லை.

எப்போது இறந்தார்? (பலர்)

2010 ஜூன் 17, நியூயார்க். உணவுக்குழாய்ப் புற்றுநோய். அடக்கம் வார்சாவின் போவோன்ஸ்கி கல்லறைத் தோட்டத்தில். ஹால்பர்ஸ்டாம் அதற்கு முன்பே, 2007-இல் கலிபோர்னியாவில் கார் விபத்தில் இறந்துவிட்டார்.

இவரைப் போல வெளிநாடு போன வேறு போலிஷ் நடிகைகள்? (ஈரோடு)

இருக்கிறார்கள். போருக்கு முந்தைய பெரும் நட்சத்திரம் யாத்விகா ஸ்மோசார்ஸ்கா, 1939-இல் போர் வந்ததும் அமெரிக்கா போய், 1970-இல் திரும்பி வந்து, மறு வருடமே வார்சாவில் இறந்தார். அதே காலத்து நோரா நெய், போருக்குப் பிறகு அமெரிக்காவில் குடியேறினார். 'சாம்பலும் வைரமும்' (1958) படத்தில் சிபுல்ஸ்கிக்கு ஜோடியாக வந்த ஏவா க்ஷிஷெவ்ஸ்கா எழுபதுகளில் நடிப்பையே நிறுத்திவிட்டு வெளிநாடு போனார். 2003-இல் ஸ்பெயினில் கார் விபத்துக்குப் பலியானார். அவர் பெயரும் சிஷெவ்ஸ்கா பெயரும் காதுக்கு ஒன்றுபோல ஒலிப்பதால் ஒருவர் படத்தைப் போட்டு மற்றவர் பெயரை எழுதுகிறார்கள். இந்த வாரம் எனக்கு வந்த புகைப்படங்களில் பாதி அப்படித்தான்.

ஒரே படத்துக்கு ஓரிடத்தில் 1963, இன்னோரிடத்தில் 1964 என்று இருக்கிறதே? (புதுச்சேரி)

ஒன்று தயாரித்த வருடம், மற்றது திரைக்கு வந்த வருடம். கடிதத்தில் வருடத்தோடு இயக்குநர் பெயரையும் எழுதுங்கள். குழப்பமே வராது.