சொகோட்டோவுக்கு யார் வைத்த பெயர்?

அன்புள்ள ஐயா,

மேற்கு ஆப்பிரிக்கா பற்றிய உங்கள் கட்டுரையில், இன்றைய வடக்கு நைஜீரியாவில் 19ஆம் நூற்றாண்டில் இருந்த இஸ்லாமிய அரசுக்கு 'சொகோட்டோ கிலாபத்' (கலீஃபாவின் ஆட்சி) என்ற பெயர் வருகிறது. எங்கள் ஊர் நூலகத்தில் 1967இல் வந்த பழைய ஆங்கிலப் புத்தகம் ஒன்று கிடைத்தது, ஜான்ஸ்டன் என்பவர் எழுதியது. அதே இடம், அதே ஆட்கள், அதே காலம். ஆனால் தலைப்பு 'சொகோட்டோவின் ஃபுலானிப் பேரரசு' என்று இருக்கிறது. எது சரி? பழைய கானா பற்றிப் படித்தால் ஓர் இடத்தில் கானா, இன்னோர் இடத்தில் வகாடு. பள்ளியில் அஷாந்தி என்று படித்ததை இப்போது அசாந்தே என்கிறார்கள். வரலாற்றாசிரியர்கள் இதையெல்லாம் எப்படி முடிவு செய்கிறார்கள்? அந்த மக்கள் தங்களை என்ன சொல்லிக்கொண்டார்களோ அதையே எழுதிவிட்டால் பிரச்சினை தீர்ந்ததே?

அன்புடன்,
கே.

அன்புள்ள கே.,

உங்கள் கடைசிக் கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். இன்றைய கானா நாட்டில் இருக்கும் அஷாந்தி விஷயத்தில் அது அப்படியே பொருந்தும்: ஆங்கிலேயர் காதில் விழுந்ததை அவர்கள் எழுதிய விதம் அஷாந்தி, அந்த மக்கள் சொல்வது அசாந்தே, ஆகவே அசாந்தே என்று எழுதுகிறோம், அவ்வளவுதான். ஆனால் எல்லா இடத்திலும் அது இவ்வளவு சுலபமாக முடிவதில்லை.

கானாவைப் பாருங்கள். அந்த அரசு இருந்த காலத்திலேயே எழுதப்பட்டதாக நமக்குக் கிடைப்பதெல்லாம் வெளியார் அரபியில் எழுதியவை. அவற்றில் விரிவானது அல்-பக்ரி 1068இல் எழுதியது. அவர் ஸ்பெயினில் இருந்தவர், அந்த நாட்டுக்குப் போனதே இல்லை, போய்வந்தவர்கள் சொன்னதையும் பழைய நூல்களையும் வைத்து எழுதினார். 'கானா' என்பது அரசர்களின் பட்டம், நாட்டின் பெயர் அவ்கார் என்று அவரே தெளிவாகச் சொல்லிவிடுகிறார். அதாவது ஒரு பட்டத்தைத்தான் நாம் நாட்டின் பெயராகச் சொல்லிக்கொண்டிருக்கிறோம். சரி, அந்த அரசை அமைத்த சோனின்கே மக்கள் என்ன சொல்கிறார்கள்? வகாடு என்கிறார்கள். டிங்கா என்ற மூதாதை, தங்கத்துக்கு ஈடாக ஒவ்வோர் ஆண்டும் ஒரு கன்னியைக் கேட்ட பிடா என்ற பாம்பு, அந்தப் பாம்பைக் கொன்றதால் வந்த பஞ்சம் என்று கதை போகிறது. அருமையான கதை. ஆனால் அது எழுத்தில் ஏறியது அரசு மறைந்து பல நூற்றாண்டுகளுக்குப் பிறகு. சமகாலத்துச் சொல் வேண்டுமென்றால் அது வெளியாருடையது, சொந்தச் சொல் வேண்டுமென்றால் அது பிந்தியது. பலர் கானா என்றே எழுதிவிட்டு வகாடுவைக் கூடவே சொல்கிறார்கள், சிலர் மாற்றிச் செய்கிறார்கள், எனக்கு இரண்டுமே சம்மதம்தான். இதில் கூடுதல் குழப்பம், 1957இல் விடுதலை பெற்ற கோல்டு கோஸ்ட் அந்தப் பெயரை எடுத்துக்கொண்டது. பழைய கானாவின் தலைநகராக இருந்திருக்கலாம் என்று கருதப்படும் கும்பி சாலே அங்கிருந்து பல நூறு கிலோமீட்டர் தள்ளி, மொரித்தானியாவில் கிடக்கிறது.

இப்போது உங்கள் புத்தகத்துக்கு வருகிறேன், எனக்கு நிஜமாகவே அக்கறை உள்ள இடம் இதுதான். ஜான்ஸ்டனின் புத்தகம் வந்த அதே 1967இல்தான் மர்ரே லாஸ்ட் எழுதிய 'சொகோட்டோ கிலாபத்' என்ற புத்தகமும் வந்தது. ஒரே ஆண்டு, ஒரே அரசு, இரண்டு பெயர். ஜான்ஸ்டன் வடக்கு நைஜீரியாவில் காலனி நிர்வாக அதிகாரியாக இருந்தவர். லாஸ்ட் நைஜீரியாவின் இபாதான் பல்கலைக்கழகத்தில் ஆய்வு செய்து, சொகோட்டோவில் அமைச்சராக இருந்த வசீர்களின் அரபிக் கடிதங்களைப் படித்தவர். அவரவர் எந்தக் காகிதத்தைக் கையில் வைத்திருந்தார்கள் என்பது தலைப்பிலேயே தெரிகிறது.

'ஃபுலானிப் பேரரசு' என்பதில் எனக்கு மூன்று சிக்கல்கள் உண்டு. ஃபுலானி என்ற சொல்லே ஹவுசா மக்கள் அவர்களை அழைத்தது, அவர்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது ஃபுல்பே. அப்புறம், இந்த அரசை நிறுவிய மார்க்க அறிஞர் உஸ்மான் டான் ஃபோடியோ 1804இல் கோபிர் என்ற ஹவுசா அரசின் மன்னருக்கு எதிராக ஜிஹாத் தொடங்கியபோது கூட நின்றவர்களில் ஹவுசாக்காரர்கள் இருந்தார்கள், துவாரெக்குகள் இருந்தார்கள். உஸ்மானிடம் அதிகார அடையாளமாகக் கொடி வாங்கிக்கொண்டு போய் அமீரகங்களை, அதாவது அமீர்கள் ஆளும் பகுதிகளை, அமைத்தவர்களில் பெரும்பாலோர் ஃபுல்பே என்பது உண்மை, ஆனால் பௌச்சியை அமைத்த யாகூபு ஃபுல்பே இல்லை. உஸ்மானிடம் படித்த மாணவர் என்ற தகுதியில் கொடி பெற்றவர் அவர். இனத்தின் பெயரை அரசுக்கு வைத்துவிட்டால் யாகூபுவை எங்கே வைப்பது?

மூன்றாவதுதான் முக்கியமானது. 1903 மார்ச்சில் சொகோட்டோவைப் பிடித்த பிறகு வடக்கு நைஜீரியாவின் பிரிட்டிஷ் உயர் ஆணையர் லுகார்டு அங்கே கூடியிருந்தவர்களிடம் பேசினார். ஃபுலானிகள் முன்பு இந்த நாட்டை வென்று, ஆளவும் வரி போடவும் மன்னர்களை நீக்கவும் நியமிக்கவும் உரிமை எடுத்துக்கொண்டார்கள், இப்போது தோற்றுவிட்டார்கள், ஆகவே அந்த உரிமையெல்லாம் எங்களுக்கு வந்துவிட்டது என்பது அந்தப் பேச்சின் சாரம். கவனித்துப் பாருங்கள், சொகோட்டோ ஓர் இனம் இன்னோர் இனத்தை வென்று பிடித்த நாடாக இருந்தால்தான் இந்த வாதம் நிற்கும். அதை நீதிக்காகவும் மார்க்கத்துக்காகவும் எழுந்த அரசு என்று ஒப்புக்கொண்டால், வென்றவனுக்குக் கைமாறிப் போவதற்கு அங்கே ஒன்றும் இல்லை. 'ஃபுலானிப் பேரரசு' என்ற பெயர் லுகார்டுக்கு ஒரு பட்டா மாதிரி பயன்பட்டது.

அப்படியானால் 'கிலாபத்' சுத்தமான பெயரா என்றால் அதுவும் இல்லை, உங்கள் யோசனை தடுக்கி விழும் இடம் இது. சொகோட்டோ ஆட்சியாளர்கள் அமீருல் முஃமினீன், நம்பிக்கையாளர்களின் தலைவர், என்று தங்களைச் சொல்லிக்கொண்டார்கள், ஆகவே கிலாபத் அவர்களுடைய சொந்தப் பேச்சுக்குப் பக்கத்தில் வருகிற சொல்தான். ஆனால் பக்கத்து முஸ்லிம் அரசான போர்னுவில் அல்-கானெமி என்ற அறிஞர் இருந்தார். அவர் உஸ்மானின் மகன் முஹம்மது பெல்லோவுக்குக் கடிதங்கள் எழுதி, நாங்களும் முஸ்லிம்கள்தானே, எங்கள் மீது எந்த நியாயத்தில் படையெடுக்கிறீர்கள் என்று கேட்டார். எங்களிடம் குறைகள் உண்டு, அவை எகிப்திலும் சிரியாவிலும்கூட உண்டு, அதற்காக நாங்கள் காஃபிர்கள் ஆகிவிடுவோமா என்பது அவர் வாதம். பெல்லோ பதில் எழுதினார், அல்-கானெமியின் கடிதங்களையும் தன் நூலிலேயே சேர்த்துவைத்தார், அதனால்தான் இன்றைக்கு நாம் அவற்றைப் படிக்க முடிகிறது. நான் 'கிலாபத்' என்று எழுதும்போது அந்த வழக்கில் பெல்லோவின் பக்கம் போய் உட்கார்ந்துவிடுகிறேன். ஒரு மக்கள் தங்களைப் பற்றிச் சொல்வது பெயர் மட்டுமில்லை, அது ஓர் உரிமைக்கோரலும்கூட, அதை ஏற்காதவர்கள் அந்தக் காலத்திலேயே இருந்தார்கள். அந்த அரசின் வயல்களில் வேலை செய்த ஏராளமான அடிமைகள் அதை என்னவென்று சொல்லியிருப்பார்கள் என்பதையும் நினைத்துக்கொள்ள வேண்டும்.

ஆகவே நான் பார்ப்பது இவ்வளவுதான்: இந்தப் பெயரை யார் சொன்னார், யாரிடம் சொன்னார், எப்போது சொன்னார், மறுத்தவர் உண்டா. இதற்கெல்லாம் பதில் தெரிந்த பெயரைத் தேர்ந்தெடுப்பேன், பிடித்த பெயர் என்பதற்காக அல்ல. சொகோட்டோவுக்கு அது இப்போதைக்கு கிலாபத்.

நீங்கள் கேட்காமல் விட்ட ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். நாம் அசாந்தேயா அஷாந்தியா என்று முதல் சொல்லைப் பற்றியே பேசுகிறோம். பெரிய தவறுகள் நடப்பது இரண்டாவது சொல்லில்: அரசு, பேரரசு, கூட்டமைப்பு. பிரிட்டிஷார் 1896இல் அசாந்தே மன்னர் முதலாம் பிரெம்பேவைப் பிடித்து நாடு கடத்தினார்கள், பிறகு 1935இல் இரண்டாம் பிரெம்பேயின் கீழ் அதைத் திரும்ப அமைத்துக் கொடுத்தபோது 'கூட்டமைப்பு' என்று பெயரிட்டார்கள். தலைவர்கள் பலர் சேர்ந்து வைத்துக்கொண்ட ஓர் ஏற்பாடு என்ற எண்ணம் அதிலிருந்து வரும். ஆனால் அசாந்தே தலைநகரான 19ஆம் நூற்றாண்டு குமாசியில் கருவூலம் இருந்தது, நாலாபக்கமும் சாலைகள், தூதர்கள், அதிகாரிகள் இருந்தார்கள். அதைக் காட்டியவர்கள் பேரரசு என்றார்கள். உண்மையில் மாம்பொங், ஜுவாபென், பெக்வாய் போன்ற பக்கத்துத் தலைமைகள் அசாந்தே மன்னரின் அரியணையான தங்க முக்காலிக்குக் கட்டுப்பட்ட கூட்டாளிகள், தூரத்து டகோம்பா கப்பம் கட்டிய நாடு. உள்ளே ஒரு மாதிரி, வெளியே இன்னொரு மாதிரி. நாம் தமிழில் எழுதும்போது இதையெல்லாம் யோசிக்காமல் எல்லாவற்றையும் 'பேரரசு' ஆக்கிவிடுகிறோம், நானும் செய்திருக்கிறேன், பழைய கட்டுரைகளில் அதைத் திருத்தப்போகிறேன்.

இந்தச் சிக்கல் நமக்குப் புதிதும் இல்லை. 1980இல் அமெரிக்க வரலாற்றாசிரியர் பர்ட்டன் ஸ்டைன் சோழ அரசைப் பேரரசு என்பதே தவறு, மன்னருக்குச் சடங்கு முதன்மைதான் எங்கும் பரவியிருந்தது, நிஜமான அதிகாரம் அந்தந்த வட்டாரத்து நாட்டார் கையில் இருந்தது என்று எழுதினார். அந்தக் கருத்தை அவர் எடுத்தது ஆப்பிரிக்காவிலிருந்து: உகாண்டா, காங்கோ எல்லையில் வாழும் அலூர் மக்களைப் பற்றி மானுடவியலாளர் ஏய்டன் சவுத்தால் செய்த ஆய்விலிருந்து. கல்வெட்டுகளை வைத்து வரலாற்றாசிரியர்கள் கராஷிமாவும் சுப்பராயலுவும் அதை ஏற்கவில்லை. தஞ்சாவூரை விளக்க அலூர்ச் சட்டகம் வந்தது, இங்கே சோதிக்கப்பட்டது, நல்ல சண்டை நடந்தது. குமாசிக்கும் சொகோட்டோவுக்கும் அதே மரியாதை கொடுத்துச் சண்டை போட வேண்டும் என்பதுதான் என் ஆசை.

உங்கள் நூலகப் புத்தகத்தைத் தயவுசெய்து தூக்கிப் போட்டுவிடாதீர்கள், 1903 வரைக்குமான கதை அதில் நன்றாக இருக்கும். திருப்பிக் கொடுப்பதற்கு முன் ஓர் உதவி செய்யுங்கள்: பௌச்சி வரும் பக்கங்களைத் தேடிப் பிடித்து, யாகூபுவைப் பற்றி அவர் என்ன சொல்லியிருக்கிறார் என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்.