ஸ்காண்டிநேவிய இசைக்கு ஒரே ஓர் ஆண்டைச் சொல்லச் சொன்னால் எந்த ஆண்டைச் சொல்வீர்கள்?

பலரும் 1974 என்பார்கள். அந்த ஆண்டு ஏப்ரல் 6 அன்று இங்கிலாந்தின் பிரைட்டன் நகரில் 'வாட்டர்லூ' பாடி ஸ்வீடனின் ஆபா குழு, ஐரோப்பிய நாடுகள் ஆளுக்கொரு பாட்டோடு மோதும் யூரோவிஷன் போட்டியை வென்றது. அந்த வெற்றியின் அளவை நான் மறுக்கவே மாட்டேன். ஆனால் என்னைக் கேட்டால் 1985 என்பேன். நார்வேயின் பெர்கன் நகரில் நான்கு ஆண்டுகள் வேலை பார்த்தவன் நான். அந்த ஊர்க்காரர்களின் பெருமை எனக்கும் தொற்றிக்கொண்டது.

யூரோவிஷனில் நார்வே பட்ட பாடு கொஞ்சமில்லை. 1963, 1978, 1981 என்று மூன்று முறை ஒரு புள்ளிகூடக் கிடைக்காமல் திரும்பிய நாடு அது. 1985 மே 4 அன்று போட்டி நடந்ததோ ஸ்வீடனின் கோத்தன்பர்க்கில், அதாவது அண்ணன் வீட்டில். பாபிசாக்ஸ் என்ற பெயரில் ஹன்னே க்ரோக், எலிசபெத் ஆந்திரேயாசன் என்ற இரு பெண்கள் 'லா டெ ஸ்விங்கே' பாடினார்கள். ரேடியோவில் பழைய ராக் அண்ட் ரோல் கேட்டால் கால் தானாக ஆடுகிறது என்பதுதான் பாட்டு. பெரிய தத்துவம் எதுவும் இல்லை, ஆனால் அந்த உற்சாகம் உண்மையானது. 123 புள்ளிகளோடு முதலிடம்.

இதில் எனக்குப் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. எலிசபெத் பிறந்ததே கோத்தன்பர்க்கில்தான். மூன்று ஆண்டுகளுக்கு முன்பு ஸ்வீடனுக்காக இதே போட்டியில் பாடியவர். நிகழ்ச்சியை நடத்திய ஸ்வீடன் பாடகி லில் லின்ட்ஃபோர்ஸ், இத்தனை முறை கடைசியில் வந்தவர்களுக்கு இது சேர வேண்டியதுதான் என்று மேடையிலேயே மனம் விட்டுச் சொன்னார். பழைய ஒளிப்பதிவில் அந்த இடம் வரும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

வென்ற நாடு அடுத்த ஆண்டுப் போட்டியை நடத்த வேண்டும். ஆக 1986இல் யூரோவிஷன் பெர்கனுக்கு வந்தது. நடந்த இடம் க்ரீக் அரங்கம். அந்த ஊரில் பிறந்த இசையமைப்பாளர் எட்வர்ட் க்ரீகின் பெயர் தாங்கிய அரங்கம் அது.

சரி, க்ரீகுக்கும் 1985க்கும் என்ன தொடர்பு? ஊருக்கு வெளியே, ஏரிக்கரையில், ட்ரோல்ட்ஹௌகன் என்ற வீட்டைக் கட்டி அவர் குடியேறியது 1885இல். பியானோவுக்காக முந்தைய ஆண்டு எழுதிய 'ஹோல்பெர்க் சூட்' என்ற இசைத்தொகுப்பை நரம்பிசைக் குழுவுக்காக மாற்றி அமைத்ததும் அதே 1885இல்தான். சரியாக நூறு ஆண்டு கழித்து, 1985இல், அந்த வீட்டருகே ட்ரோல்ட்சாலன் என்ற சிறிய கச்சேரிக் கூடம் திறக்கப்பட்டது. சுமார் இருநூறு பேர்தான் உட்காரலாம். கூரை மேல் புல் வளர்ந்திருக்கும். மேடைக்குப் பின்னால் சுவருக்குப் பதில் பெரிய கண்ணாடி. வாசிப்பவரின் தலைக்கு அப்பால் க்ரீக் உட்கார்ந்து எழுதிய சின்னக் குடிலும் ஏரியும் தெரியும். முதல் முறை அங்கே போனபோது நல்ல மழை. பியானோவில் ஒரு மெல்லிய பகுதி போய்க்கொண்டிருக்க, கண்ணாடியில் நீர் வழிந்துகொண்டிருந்தது. மேடையையே அப்படிக் கட்ட வேண்டும் என்று தோன்றியவரை நான் மனதாரக் கும்பிடுகிறேன்.

அப்புறம் ஆ-ஹா என்ற நார்வே பாப் குழு. அவர்களுடைய 'டேக் ஆன் மீ' பாட்டை எல்லோருக்கும் தெரியும், ஆனால் அது எத்தனை முறை விழுந்து எழுந்தது என்பது பலருக்குத் தெரியாது. 1984இல் வந்த முதல் வடிவம் பிரிட்டனில் எடுபடவில்லை. ஆலன் டார்னி என்ற தயாரிப்பாளரோடு புதிதாகப் பதிவு செய்தார்கள், அதுவும் முதலில் ஓடவில்லை. பிறகுதான் ஸ்டீவ் பேரன் இயக்கிய அந்தப் பென்சில் சித்திர வீடியோ வந்தது. உண்மையான படக்காட்சியின் மேல் ஒவ்வொரு சட்டகமாகக் கையால் வரைந்து செய்த வேலை, மாதக் கணக்கில் இழுத்தது. 1985 அக்டோபர் 19 தேதியிட்ட அமெரிக்கப் பாடல் தரவரிசைப் பட்டியலில் பாட்டு முதலிடம். நார்வேக்காரர்கள் யாரும் அதுவரை அங்கே எட்டாத இடம். வீடியோவால்தான் ஓடியது என்று சிலர் சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை. குழுவின் பாடகர் மோர்ட்டன் ஹார்க்கெட்டின் குரல் பல்லவியில் கீழே ஆரம்பித்துப் படிப்படியாக ஏறி உச்சியில் மெல்லிய பொய்க்குரலாக நிற்பதைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுப் பாருங்கள்.

கடைசியாக ஒன்று, இது நம்மவர்களுக்காக. ஓஸ்லோவின் ரெயின்போ ஸ்டுடியோவில் பதிவான 'சாங் ஃபார் எவ்ரிஒன்' என்ற தொகுப்பும் 1985இல்தான் வந்தது. மெட்ராஸில் பிறந்து யாழ்ப்பாணத்தில் வளர்ந்த வயலின் கலைஞர் எல். சங்கருடையது. தபேலாவில் ஜாகிர் உசேன், தாளத்தில் திரிலோக் குர்த்து, சாக்ஸபோனில் நார்வேயின் யான் கார்பரெக். சங்கர் வாசிப்பது பத்துத் தந்திகள் கொண்ட இரட்டை வயலின். நம் கமகத்தில் வளைந்து போகும் அந்த வயலினுக்கு, கார்பரெக்கின் சாக்ஸபோன் தன் குளிர்ந்த, நேரான ஒலியில் பதில் சொல்லும். ஒன்று மற்றொன்றைப் போல ஆக முயலாது. பெர்கனில் நவம்பர் மாதம் மாலை நான்கு மணிக்கே இருட்டிவிடும். வேலை முடிந்து பேருந்தில் வரும்போது ஹெட்போனில் நான் அதிகம் கேட்டது இதைத்தான்.