ஆவணப்படம் எடுக்க விரும்பும் மகளின் அம்மாவுக்கு

அம்மா, உங்கள் மகள் அனுப்பிய காணொளிகளைப் பொறுமையாகப் பார்த்தேன். பழைய துறைமுகம், மூடிக் கிடக்கும் தொழிற்சாலை, ஆற்றங்கரை. எங்கே நின்று பார்க்க வேண்டும் என்று அவளுக்குத் தெரிந்திருக்கிறது. ஆனால் எந்த இடத்திலும் யாரும் பேசவில்லை. எல்லாம் ஒரே நாளில் போய் எடுத்துவந்த காட்சிகள். இந்தத் துறை அவளுக்கு ஒத்துவருமா என்று கேட்டிருந்தீர்கள். ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்பப் போக அவளுக்கு மனம் வருகிறதா என்று கவனியுங்கள். இதைவிட நம்பகமான அடையாளம் எனக்குத் தெரியாது.

ஆவணப்பட முன்னோடிகளில் ஒருவரான அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி கனடாவின் ஆர்க்டிக் பகுதியில் எடுத்த முதல் படத்தின் நெகட்டிவ் 1916இல் எரிந்துபோனது. தப்பிய பிரதியைப் போட்டுப் பார்த்தபோது அவருக்கே அது பிடிக்கவில்லை. காட்சிகள் இருந்தன, அவற்றைக் கோக்கும் கதை இல்லை. 1920இல் மறுபடி அங்கே போனார். ஒரு வேட்டைக்காரரையும் அவர் குடும்பத்தையும் மையமாக வைத்து எடுத்தார். 1922இல் ‘நானூக் ஆஃப் தி நார்த்’ என்ற பெயரில் வெளியான அந்தப் படம்தான் இன்றும் பேசப்படுகிறது. உங்கள் மகள் இப்போது நிற்பது அந்த முதல் படத்தின் கட்டத்தில்.

ஃபிளாஹெர்ட்டியின் தவறையும் அவள் படிக்க வேண்டும். துப்பாக்கி பயன்படுத்திய மக்களைப் பழங்கால ஈட்டியோடு காட்டினார். குடும்பமாகக் காட்டியவர்கள் உண்மையில் ஒரே குடும்பம் அல்ல. தனக்குப் பிடித்த ஓர் ஊரைப் படமாக்குகிறவர்கள் எளிதில் விழுகிற பள்ளம் இது. எழுத்தில் ஒப்புதல் வாங்குவது, எடுத்ததை அந்த மக்களுக்கே முதலில் போட்டுக் காட்டுவது இரண்டையும் இப்போதே பழக்கமாக்கிக்கொள்ளட்டும்.

பிழைப்பைப் பற்றிய உங்கள் பயம் நியாயமானது. இயக்குவதை மட்டும் நம்பி ஆரம்ப ஆண்டுகளை ஓட்டுவது கடினம். பலர் எடிட்டிங், ஒலிப்பதிவு, கேமரா வேலைகளில் சம்பாதித்துக்கொண்டே சொந்தப் படத்தையும் எடுக்கிறார்கள். அவளுக்கு நான் எடிட்டிங்கைச் சொல்வேன். பத்து மணி நேரக் காட்சியைப் பதினைந்து நிமிடமாகக் குறைக்க உட்காரும்போதுதான், களத்தில் எதை எடுக்காமல் விட்டோம் என்பது உறைக்கும். கேமராவை மாற்றித் தரச் சொல்லி அவள் கேட்டால் இப்போதைக்கு வேண்டாம். அந்தப் பணத்தில் ஒரு நல்ல மைக் வாங்கிக் கொடுங்கள். கொஞ்சம் மங்கலான படத்தைப் பார்ப்பவர்கள் பொறுத்துக்கொள்வார்கள். பேச்சு புரியாவிட்டால் எழுந்து போய்விடுவார்கள். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாத ஒரு நிமிட ஒலியைத் தனியாகப் பதிவு செய்யச் சொல்லுங்கள், எடிட்டிங்கில் அது கைகொடுக்கும்.

நிதி உதவிகள் இருக்கின்றன. ஆம்ஸ்டர்டாமில் 1988 முதல் நடக்கும் இட்ஃபா ஆவணப்பட விழாவின் பெர்தா நிதி, ஆசிய, ஆப்பிரிக்க, லத்தீன் அமெரிக்க இயக்குநர்களின் படங்களுக்கு உதவுகிறது. இதுபோன்ற இடங்களில் கதைச் சுருக்கத்தோடு, எடுத்த காட்சிகளையும் பார்ப்பார்கள். பட்டச் சான்றிதழைவிட அதற்குத்தான் எடை அதிகம்.

ஆகவே கல்லூரி விண்ணப்பம் கொஞ்சம் காத்திருக்கட்டும். அந்த மூடிய தொழிற்சாலையையே எடுத்துக்கொள்ளட்டும். அங்கே வேலை பார்த்த ஒருவரைத் தேடிப் பிடித்து, அவரோடு பல நாள் இருந்து, பதினைந்து நிமிடப் படமாக வெட்டி முடிக்கட்டும். அதை எடுத்துக்கொண்டு இருவரும் வாருங்கள். எந்தப் படிப்பு, எந்த நிறுவனம் என்று அப்போது உட்கார்ந்து பேசுவோம்.